பட்டமும் பந்தியும்

விளையாட்டுக் களத்தில் சாதியில்லை, நிறமில்லை, ஏழை பணக்காரர் என்ற பேதமில்லை என்று மேடைதோறும் பேசக் கேட்கிறோம். பந்து எவர் கையில் இருக்கிறது என்பதையே களம் பார்க்கும். அவர் எந்தத் தெருவிலிருந்து வந்தார் என்று பார்க்காது என்பது அப்பேச்சின் சாரம். இக்கூற்றில் உண்மை இல்லாமல் இல்லை. ஆயின் அது பாதி உண்மையே. மறுபாதியை அறிய வேண்டுமானால், ஆட்டம் முடிந்த பின்னர் அந்த ஆட்டக்காரர் எங்கே உண்டார், எவரோடு அமர்ந்தார், அவர் படிப்பை எவர் கவனித்தார் என்று கேட்டாக வேண்டும். அமெரிக்க நாட்டில் ஒரு பல்கலைக்கழகக் கால்பந்து அணி தன் வரலாற்றில் பெற்ற ஒரே தேசியப் பட்டத்தின் கதையை இக்கேள்விகளோடு படித்துப் பார்ப்பது நம் மாணவர்க்குப் பயன் தரும் என்று கருதியே இக்கட்டுரை எழுதப்படுகிறது.

அணியும் ஆட்டமும்

நியூயார்க் மாநிலத்தின் நடுப்பகுதியில் உள்ள சிரக்யூஸ் நகரில் 1870ஆம் ஆண்டு தோன்றியது சிரக்யூஸ் பல்கலைக்கழகம். அங்கு ஆடப்படும் கால்பந்து நாம் அறிந்த கால்பந்து அன்று. பக்கத்துக்குப் பதினொருவர் என்பது ஒன்றே ஒற்றுமை. பந்து முட்டை வடிவானது. அதனைக் கையில் ஏந்தி ஓடலாம், தோழருக்கு எறியலாம். எதிரணியினர் ஓடுபவரைக் கட்டிப்பிடித்து வீழ்த்துவர். 100 கஜக் களத்தின் எல்லைக் கோட்டைப் பந்துடன் கடந்தால் அது ‘டச்டவுன்’. அதற்கு ஆறு புள்ளிகள். வலிமையும் வேகமும் மட்டுமின்றி, பக்கத்தில் நிற்பவர்மீது முழு நம்பிக்கையும் வேண்டும் ஆட்டம் அது. ஓடுபவருக்கு வழி திறந்து விடுபவர் முன்னே நிற்கும் தோழர்கள்தாம். அவர்கள் கைவிட்டால் எத்துணைப் பெரிய வீரரும் ஓரடி நகர இயலாது.

அக்காலத்தில் கல்லூரி அணிகளுக்குள் இறுதிப் போட்டி என்று ஒன்று நடத்திச் சாம்பியனைத் தேர்ந்தெடுக்கும் வழக்கமில்லை. செய்தியாளர்கள் ஒருபுறமும் பயிற்சியாளர்கள் ஒருபுறமும் வாக்களித்து அணிகளை வரிசைப்படுத்துவர். முதலிடம் பெற்ற அணியே தேசியச் சாம்பியன். ஆண்டிறுதியில் சிறந்த அணிகளை அழைத்துப் பெருநகரங்களில் ‘பௌல்’ என்னும் சிறப்பு ஆட்டங்கள் நடத்தப்பெறும்.

இந்து என்னும் முகமூடி

1959ஆம் ஆண்டின் வெற்றியைச் சொல்லுமுன் அதற்கு 22 ஆண்டுகள் முந்திய ஒரு தோல்வியைச் சொல்ல வேண்டும். அதில் நம் நாட்டின் பெயரும் கலந்திருப்பதை வாசகர் வியப்புடன் காண்பர்.

வில்மெத் சிடாட்-சிங் என்னும் மாணவர் 1930களின் பிற்பகுதியில் சிரக்யூஸ் அணியில் பந்தெறிவதில் புகழ்பெற்று விளங்கினார். இவர் பிறப்பால் அமெரிக்கக் கறுப்பினத்தவர். தந்தை மறைந்த பின்னர் இவருடைய தாய், மருத்துவம் பயில அமெரிக்கா வந்திருந்த சிடாட்-சிங் என்னும் இந்தியரை மணந்தார். மாற்றுத் தந்தையின் பெயரே மகனுக்கும் வந்தது. அப்பெயரைக் கண்டு பத்திரிகைகள் இவரை ‘இந்து’ என்று எழுதின. இந்தியாவிலிருந்து வந்த எவரையும், எம்மதத்தவராயினும், ‘இந்து’ என்றழைப்பது அந்நாளைய அமெரிக்க வழக்கம். பல்கலைக்கழகமும் அதனைத் திருத்த முற்படவில்லை. கறுப்பருடன் ஆட மறுக்கும் அணிகள் ‘இந்து’வுடன் ஆடத் தயங்கவில்லை! பிறப்பை மறைத்தால் வாயிற்கதவு திறக்கும், பிறப்பைச் சொன்னால் சாத்தப்படும் என்னும் நிலையை விளக்க நம் வாசகர்க்கு மேலும் சொற்கள் வேண்டியதில்லை.

1937 அக்டோபரில் மேரிலாந்து பல்கலைக்கழக அணியுடன் பால்டிமோர் நகரில் ஆட்டம். அதற்குச் சற்று முன்னர் சாம் லேசி என்னும் கறுப்பினப் பத்திரிகையாளர், சிடாட்-சிங் இந்து அல்லர், கறுப்பினத்தவரே என்று எழுதினார். உண்மையை மறைத்து உரிமை பெறுவது உரிமையாகாது என்பது அவர் கருத்து. மேரிலாந்து அணியினர் அவரை ஆட்டத்திலிருந்து விலக்குமாறு வற்புறுத்த, சிரக்யூஸ் நிருவாகம் இணங்கிற்று. தோழர்கள் களத்தில் நிற்க, அவர் ஆடாமல் நிறுத்தப்பட்டார். சிரக்யூஸ் 0–13 என்று தோற்றது. மறு ஆண்டு இவ்விரு அணிகளும் சிரக்யூஸ் நகரில் மீண்டும் சந்தித்தன. அன்று சிடாட்-சிங் ஆடினார். சிரக்யூஸ் 53–0 என்று வென்றது. பின்னர் இரண்டாம் உலகப் போரில் கறுப்பின விமானிகளின் புகழ்பெற்ற டஸ்கிகி படையில் சேர்ந்த அவர், 1943 மே மாதம் பயிற்சியின்போது விமானம் பழுதுற்று ஹூரன் ஏரியில் வீழ்ந்து உயிர் நீத்தார். அப்போது அவருக்கு வயது 25. மேரிலாந்து பல்கலைக்கழகம் தன் செயலுக்கு வருத்தம் தெரிவித்தது 2013ஆம் ஆண்டில். இடையே ஓடியவை 76 ஆண்டுகள்.

ஒரு சிற்றூர்ச் சிறுவர்

1950களில் ஜிம் பிரவுன் என்னும் பெருவீரர் சிரக்யூஸ் அணிக்கு வந்தார். ஆட்டத்துக்குரிய உதவித்தொகை ஏதுமின்றியே அவர் கல்லூரியில் சேர நேர்ந்தது. எனினும் 44 என்னும் எண் பொறித்த சட்டையுடன் அவர் ஓடிய ஓட்டங்கள் அந்த எண்ணையே ஒரு விருதாக்கின. அவர் சென்ற பின் அந்த எண்ணை அணிந்தவர் எர்னி டேவிஸ்.

டேவிஸ் 1939 டிசம்பர் 14ஆம் நாள் பென்சில்வேனியா மாநிலத்தில் பிறந்தவர். தந்தையின் முகம் அறியாதவர். இளமையில் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியான பாட்டனாரின் வீட்டில் வளர்ந்து, பன்னிரண்டு வயதளவில் நியூயார்க் மாநிலத்து எல்மைரா நகரில் தாயிடம் வந்து சேர்ந்தார். பள்ளியில் அவர் காட்டிய திறமையைக் கண்டு பல கல்லூரிகள் அழைத்தன. ஜிம் பிரவுனே நேரில் எடுத்துரைத்ததால் அவர் சிரக்யூஸைத் தேர்ந்தார். முதலாண்டு மாணவர் முதன்மை அணியில் ஆட அந்நாளில் விதி இடந்தரவில்லை. ஆகவே 1959ஆம் ஆண்டே அவருக்கு முதல் ஆட்டப் பருவமாக அமைந்தது.

1959

பயிற்சியாளர் பென் ஷ்வார்ட்ஸ்வால்டர் இரண்டாம் உலகப் போரில் வான்குடை வீரராக நார்மண்டியில் இறங்கியவர், கண்டிப்பு மிக்கவர். முன்வரிசைத் தோழர்கள் மலைபோல் நின்று வழி திறக்க, டேவிஸும் ஜெர்ஹார்ட் ஷ்வெடெஸும் ஆர்ட் பேக்கரும் பந்தேந்தி ஓடினர். பேக்கரும், முன்வரிசையில் நின்ற ஜான் பிரவுனும், டேவிஸும் ஆக மூவர் கறுப்பின மாணவர்.

முதல் ஆட்டத்தில் கன்சாஸ் அணியை 35–21 என்று வென்றனர். இரண்டாம் ஆட்டத்தில் எதிர்நின்றது மேரிலாந்து. 1937இல் ஒரு கறுப்பின மாணவருடன் ஆட மறுத்த அதே பல்கலைக்கழகம் இம்முறை 0–29 என்று தோற்றது.

மூன்றாவது ஆட்டம் கடற்படைக் கல்லூரி அணியுடன் வர்ஜீனியா மாநிலத்து நார்ஃபோக் நகரில் நடந்தது. அந்நகரின் அண்மை வரலாற்றை இங்கே நினைவு கூர்தல் தகும். கறுப்பின மாணவர் 17 பேரை வெள்ளையர் பள்ளிகளில் சேர்க்குமாறு நீதிமன்றம் ஆணையிட்டதும், அவர்களைச் சேர்ப்பதைவிடப் பள்ளிகளை மூடுவதே மேல் என்று மாநில ஆட்சி ஆறு பள்ளிகளை 1958ஆம் ஆண்டு மூடிவிட்டது. ஏறத்தாழ 10,000 பிள்ளைகள் பள்ளியின்றித் திரிந்தனர். 1959 பிப்ரவரியில்தான் கதவுகள் மீண்டும் திறந்தன. அதே ஆண்டு அக்டோபரில், அதே நகரில், கறுப்பரும் வெள்ளையரும் கலந்த சிரக்யூஸ் அணி 32–6 என்று வென்று திரும்பியது.

பின்னர் ஹோலி கிராஸ் 42–6, மேற்கு வர்ஜீனியா 44–0, பிட்ஸ்பர்க் 35–0 என வெற்றிகள் தொடர்ந்தன. நவம்பர் 7ஆம் நாள் தோல்வியறியாத மற்றோர் அணியான பென் ஸ்டேட்டைச் சந்தித்தபோதுதான் சோதனை வந்தது. 20–6 என்று முன்னணியில் இருந்த சிரக்யூஸை எதிரணியினர் நெருக்கி நெருக்கி 20–18 வரை வந்துவிட்டனர். எஞ்சிய நேரம் முழுவதும் பந்தைத் தம் கையைவிட்டுப் போகவிடாமல் சிறுகச் சிறுக முன்னேறி, அந்த இரு புள்ளி வேறுபாட்டைச் சிரக்யூஸ் அணியினர் காத்துக்கொண்டனர். அதன் பின்னர் கோல்கேட் 71–0, பாஸ்டன் 46–0. இறுதியாகக் கலிபோர்னியா சென்று யு.சி.எல்.ஏ. அணியை 36–8 என்று வென்றனர்.

பத்து ஆட்டங்களில் பெற்ற புள்ளிகள் 390, கொடுத்தவை 59. ஐந்து ஆட்டங்களில் எதிரணி ஒரு புள்ளியும் பெறவில்லை. பந்தேந்தி ஓடி எதிரணிகள் முன்னேறிய தொலைவு ஆட்டத்துக்குச் சராசரி 19.3 கஜமே. டேவிஸ் 98 முறை பந்தேந்தி 686 கஜம் ஓடியிருந்தார். செய்தியாளர் வாக்கிலும் பயிற்சியாளர் வாக்கிலும் சிரக்யூஸுக்கே முதலிடம் கிடைத்தது. இரண்டாமிடம் பெற்றது மிசிசிப்பி பல்கலைக்கழக அணி. அப்பல்கலைக்கழகம் தன் முதல் கறுப்பின மாணவரான ஜேம்ஸ் மெரிடித்தைச் சேர்த்துக்கொண்டது 1962இல். அதுவும் நடுவணரசின் படை காவல் நின்ற பின்னரே. கறுப்பரைப் படியேற விடாத ஒரு பல்கலைக்கழகத்தையும் பிந்தச் செய்து, கறுப்பின மாணவர் மூவர் ஆடிய அணி நாட்டின் முதலிடத்தை அடைந்தது என்பதே அப்பட்டத்தின் பொருள்.

டாலஸ் விருந்து

பட்டம் உறுதியான பின், 1960 ஜனவரி முதல் நாள் டெக்சஸ் மாநிலத்து டாலஸ் நகரில் நடக்கும் ‘காட்டன் பௌல்’ ஆட்டத்துக்கு அழைப்பு வந்தது. எதிரணி டெக்சஸ் பல்கலைக்கழகம், முழுவதும் வெள்ளையர். டேவிஸுக்குத் தொடைத் தசையில் காயம். ஆயினும் ஆட்டம் தொடங்கிய இரண்டாம் முயற்சியிலேயே ஷ்வெடெஸ் எறிந்த பந்தைப் பிடித்து ஓடி டச்டவுன் கண்டார். அந்த முயற்சியில் கடந்த தொலைவு 87 கஜம். இரண்டு டச்டவுன்களும், கூடுதல் புள்ளிக்கான முயற்சியில் இருமுறை வெற்றியும், எதிரணியின் பந்தை இடைமறித்துப் பிடித்த ஒரு பிடியும் அன்று அவர் கணக்கில் சேர்ந்தன. இடையில் கைகலப்பும் மூண்டது. ஜான் பிரவுனை இனப்பெயர் சொல்லி இழித்ததே காரணம் என்று சிரக்யூஸ் வீரர்கள் கூறினர். டெக்சஸ் தரப்பினர் மறுத்தனர். ஆட்டம் 23–14 என்று சிரக்யூஸுக்கு வெற்றியாக முடிந்தது. சிறந்த ஆட்டக்காரர் டேவிஸ் என்று அறிவிக்கப்பட்டது.

அன்றிரவு பரிசளிப்பு விருந்து. அங்கு நடந்ததை ஜான் பிரவுன் பிற்காலத்தில் எடுத்துரைத்துள்ளார். உணவு முடிந்தது, பரிசுகளும் வழங்கப்பட்டன. அதன் பின்னர்க் கறுப்பின வீரர் மூவரையும் வெளியேறுமாறு கேட்டுக்கொண்டனர். கறுப்பின மக்கள் உரிமைச் சங்கத்தின் உள்ளூர் அன்பர்கள் அவர்களை வேறொரு விருந்துக்கு அழைத்துச் சென்றனர். ‘அவர்கள் போவதானால் நாம் அனைவரும் போவோம்’ என்ற கருத்தை ஷ்வெடெஸ் முன்வைத்தார். பல்கலைக்கழகப் பொறுப்பாளர்கள் அதனை ஏற்கவில்லை. அணி அமர்ந்திருந்தது, மூவர் மட்டும் எழுந்து சென்றனர்.

இதனைப் படிக்கையில் நம் நாட்டின் பல்வாங்கர் பாலு அவர்கள் நினைவுக்கு வராமல் இரார். தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்து, 1911ஆம் ஆண்டு இங்கிலாந்துச் சுற்றுப்பயணத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்திய கிரிக்கெட் மேதை அவர். புனே நகரில் அவர் ஆடிய தொடக்க நாள்களில், அவர் எறிந்த பந்தைத் தொட்ட கைகள் அவருக்குத் தேநீரை மட்டும் மண்டபத்துக்கு வெளியே, தனி மண்குவளையில் அளித்தன. பந்தைத் தொடலாம், பந்தியில் அமரக்கூடாது! கடல்கள் பிரித்த இரு நாடுகளிலும் ஒரே சட்டம் எழுதப்படாமலேயே நடந்து வந்தது.

டாலஸ் விருந்து நடந்து சரியாக ஒரு மாதம் சென்றபின், 1960 பிப்ரவரி முதல் நாள், வட கரோலினா மாநிலத்துக் கிரீன்ஸ்போரோ நகரில் கறுப்பினக் கல்லூரி மாணவர் நால்வர் வெள்ளையர்க்கென ஒதுக்கிய சிற்றுண்டிப் பலகை முன் சென்று அமர்ந்தனர். பரிமாறாதபோதும் எழ மறுத்தனர். நாளுக்கு நாள் மாணவர் கூட்டம் பெருகிற்று. போராட்டம் பல நகரங்களுக்குப் பரவிற்று. ஜூலை மாதத்தில் அப்பலகையில் கறுப்பர்க்கும் உணவு பரிமாறப்பட்டது. கோப்பை பெற்றவர்க்கு மறுக்கப்பட்ட இருக்கையைக் கோப்பை ஏதுமில்லாத மாணவர் நால்வர் அமர்ந்தே பெற்றனர்.

குறுகிய வாழ்வு

1961ஆம் ஆண்டு, கல்லூரிக் கால்பந்தில் தலைசிறந்தவர்க்கு வழங்கும் ஹைஸ்மன் கோப்பை எர்னி டேவிஸுக்குக் கிடைத்தது. அதனைப் பெற்ற முதல் கறுப்பினத்தவர் அவரே. நியூயார்க் வந்திருந்த அதிபர் கென்னடி அவரைக் காண விரும்பிக் கைகுலுக்கினார். 1962ஆம் ஆண்டுக்கான தொழில்முறை வீரர் தேர்வில் முதலாவதாகத் தேர்ந்தெடுக்கப்பட்டவரும் அவரே. தேர்ந்தெடுத்தது வாஷிங்டன் அணி. அதுநாள் வரை ஒரு கறுப்பரையும் சேர்க்காத அவ்வணி, நடுவணரசின் நெருக்குதலுக்குப் பணிந்தே தன் வழக்கத்தைக் கைவிட்டது. பின்னர் அவர் ஜிம் பிரவுன் ஆடிய கிளீவ்லாந்து அணிக்கு மாற்றப்பட்டார். ஆனால் 1962 கோடையில் அவருக்கு இரத்தப் புற்றுநோய் இருப்பது தெரியவந்தது. தொழில்முறை ஆட்டம் ஒன்றிலும் ஆடாமலே 1963 மே 18ஆம் நாள், 23ஆம் வயதில் அவர் மறைந்தார். எல்மைராவில் பல்லாயிரவர் திரண்டு கண்ணீர் சொரிந்தனர்.

எண்மர் எனப்பட்ட ஒன்பதின்மர்

கதை இத்துடன் முடிந்திருந்தால், இதனை ஒரு வீரர் புகழாகப் பாடி நிறுத்திவிடலாம். ஆயின் பட்டம் வென்ற பத்தாண்டுக்குப் பின் அதே பல்கலைக்கழகத்தில், அதே பயிற்சியாளரின் கீழ், மற்றொன்று நிகழ்ந்தது. 1970ஆம் ஆண்டு கறுப்பின ஆட்டக்காரர் ஒன்பதின்மர் வசந்தகாலப் பயிற்சிக்குச் செல்ல மறுத்தனர். பத்திரிகைகள் தவறாக எண்ணி ‘சிரக்யூஸ் எண்மர்’ என்று எழுத, அப்பெயரே நிலைத்துவிட்டது.

அவர்கள் கேட்டவை நான்கு. வெள்ளை வீரர்க்குக் கிடைக்கும் பாடத் துணையும் தனிப்பயிற்சியும் தமக்கும் வேண்டும். காயமுற்றால் தக்க மருத்துவம் வேண்டும். நிறம் பாராது திறமை கண்டே அணியில் இடமளிக்க வேண்டும். 1898 முதல் வெள்ளையர் மட்டுமே இருந்து வந்த பயிற்சியாளர் குழுவில் கறுப்பினத்தவர் ஒருவரைச் சேர்க்க வேண்டும். இவற்றுள் படிப்புக்கான துணை இடம்பெற்றிருப்பதை நம் மாணவர் கருத்தில் கொள்க. தம் கால்களைப் பயன்படுத்திக்கொண்ட கல்லூரி, தம் அறிவையும் வளர்த்துவிட வேண்டும் என்பதே அவ்விளைஞர் கேட்ட நீதி.

விளைவு, அணியிலிருந்து நீக்கம். களத்தை இழந்தால் தொழில்முறை ஆட்டமும் அதன் வருவாயும் கைநழுவும் என்பதை அறிந்தே அவர்கள் நிலைமாறாதிருந்தனர். அவ்வாண்டின் இறுதியில் பல்கலைக்கழகமே அமைத்த குழு, விளையாட்டுத் துறையில் இன வேற்றுமை உண்மையானது, நெடுநாளையது, பெரும்பாலும் எவரும் எண்ணிச் செய்யாதது என்று அறிக்கை தந்தது. எண்ணாமலே செய்யப்படும் அநீதிதான் நெடுநாள் வாழ்கிறது. செய்பவர்க்கு அது அநீதியாகத் தோன்றுவதில்லை அன்றோ? 2006ஆம் ஆண்டு, 36 ஆண்டுகள் கழிந்தபின், பல்கலைக்கழகம் அவர்களை அழைத்துத் துணிவுக்கான பதக்கமும், அன்று வழங்காது விட்ட அணிச் சட்டையும் அளித்தது.

நாம் கொள்ள வேண்டியது

இவ்வரலாற்றில் மூன்று இருக்கைகளைக் காண்கிறோம். முதலாவது களத்தின் ஓரத்தில் உள்ள இருக்கை. சிடாட்-சிங் அதில் முடக்கி வைக்கப்பட்டார். இரண்டாவது விருந்துப் பந்தியின் இருக்கை. டேவிஸும் தோழரும் அதிலிருந்து எழுப்பப்பட்டனர். மூன்றாவது வகுப்பறையின் இருக்கை. அதனை முழுமையாகப் பெறவே ஒன்பதின்மர் களத்தையே துறந்தனர். முதல் இருக்கையிலிருந்து எழுந்து களமிறங்கத் திறமை துணை செய்தது. மற்ற இரண்டையும் திறமை மட்டும் பெற்றுத் தரவில்லை. உரிமை கேட்கும் துணிவும், கூடி நிற்கும் ஒற்றுமையும் வேண்டியிருந்தன.

1959ஆம் ஆண்டின் பட்டம் பொய்யன்று. முன்வரிசையில் நின்ற வெள்ளைத் தோழர் திறந்த வழியில் கறுப்பினத் தோழர் ஓடியதும், ‘நாம் அனைவரும் எழுந்து போவோம்’ என்று ஷ்வெடெஸ் கூறியதும் அப்பட்டத்தைவிட உயர்ந்தவை. அன்று அணி முழுவதும் எழுந்து போயிருந்தால், டாலஸ் நகரில் அவர்கள் பெற்ற இரண்டாவது வெற்றியாக அதுவே இருந்திருக்கும்.

நம் பிள்ளைகள் ஓடட்டும். கோப்பைகளும் கொண்டு வரட்டும். அக்கோப்பையைக் கண்டு கைதட்டும் நாம், ஆட்டம் முடிந்த மாலையில் அப்பிள்ளை எங்கே உண்கிறது, அதன் பாடத்தை எவர் பார்த்துக் கொடுக்கிறார் என்றும் கேட்போமாக. ஆட்டத்தில் வாங்கும் பட்டம் ஓர் ஆண்டுக்கு உரியது. படித்து வாங்கும் பட்டமோ ஆயுளுக்கும் உடன் வரும். இரண்டையும் பெற்றவர் எந்தப் பந்தியிலும் எவரும் எழுப்ப இயலாதவராய் அமரும் நாளே நாம் நாடும் நாள்.